இசையரசு தண்டபாணி தேசிகர்

இயல், இசை, நாடகம் எனத் தமிழ் மூவகைப்படும் என்பதைச் சிறுபிள்ளைகளும் அறிவர். ஆயினும் அம்மூன்றும் ஒருவரிடத்தே ஒருங்கு கூடி நிற்றல் அரிது. இயல் வல்லார் பலர்க்குக் குரல் வாய்ப்பதில்லை. இசை வல்லார் பலர்க்குச் சொல்லிற் பற்று இருப்பதில்லை. நாடகம் வல்லாரோ நெடுங்காலம் சான்றோர் அவையிற் சேர்க்கப்படாது புறத்தே நிறுத்தப்பட்டிருந்தனர். இத்தகைய நாட்டிலே திருமுறை ஓதும் மரபிற் பிறந்து, இசையரங்கில் ஏறிப் புகழ்பெற்று, பேசும்படத்தில் நடித்து, பின்னர்ப் பல்கலைக்கழகத்து இசைத்துறைக்குத் தலைமை பூண்டு, இவ்வளவிலும் ஓதுவார்க்குரிய நெறியைக் கைவிடாது நின்ற பெரியார் ஒருவரின் வரலாறு சைவ நன்மக்கள் அறிந்து போற்றுதற்குரியது. அவர்தாம் இசையரசு எம். எம். தண்டபாணி தேசிகரவர்கள்.

அவர் இறைவனடி சேர்ந்து அரை நூற்றாண்டுக்கு மேலாயிற்று. அவர் பெயரைக் கேட்ட அளவில் முதியோர்க்கு 'நந்தனார்' என்னும் படம் நினைவுக்கு வரும். இளையோரிற் பலர்க்கு ஒன்றும் நினைவுக்கு வாராது. படத்தை மட்டும் நினைத்தல் அவர் வாழ்வின் ஒரு பகுதியை முழுமை என்று கொள்ளும் குற்றமாம். அறவே மறத்தல் அதனினும் பெரிய குற்றமாம். இவ்விரண்டும் நீங்க, அவர் வாழ்வை ஒரு தொடர்ச்சியாக வைத்து நோக்குதலே ஈண்டு யாம் மேற்கொண்ட பணி.

மாமல்லையும் திருச்செங்காட்டங்குடியும்

தேசிகரவர்கள் சோழநாட்டினர். செங்கற்பட்டுச் சீமையில் வாழும் யாம் அவரைப் பற்றி எழுதப் புகுந்தது என்னையெனின், அதற்கு இயைபு உண்டு. மாமல்லபுரத்துக் கடற்கரையிலே பாறையைக் குடைந்த மண்டபங்களையும், ஒற்றைக்கல்லிற் செதுக்கிய தேர்களையும், அலையோசை கேட்டு நிற்கும் கற்றளியையும் காண நாள்தோறும் மக்கள் வருகின்றனர். அவ்வூர்க்குப் பெயர் தந்தவன் மாமல்லன் என்னும் சிறப்புப்பெயர் பூண்ட பல்லவன் முதலாம் நரசிம்மவர்மன். அவன் காலத்தே, 642ஆம் ஆண்டளவில், சாளுக்கியர் தலைநகராகிய வாதாபி பல்லவர் படையால் அழிந்தது. சேக்கிழார் பெருமான் அரசன் பெயரைச் சுட்டாது, வாதாபியைத் துகளாக்கிய தானைத்தலைவர் பரஞ்சோதியார் எனவும், அவரே பின்பு படைத்தொழில் விடுத்துச் சிறுத்தொண்ட நாயனாராய் அடியார்க்கு அமுதளித்து வாழ்ந்தார் எனவும் பாடியுள்ளார். அவ்வரசன் மாமல்லனே என்பது ஆராய்ச்சியாளர் கொண்ட முடிபு. சிறுத்தொண்டர் வாழ்ந்து தொண்டு செய்த ஊர் திருச்செங்காட்டங்குடி. ஆண்டுள்ள திருக்கோயில் கணபதீச்சரம். தேசிகரவர்கள் பிறந்ததும் அத்திருவூரிலேயாம்.

இனி மற்றோர் இயைபும் காட்டுதும். தேசிகர் வெண்திரையில் ஏற்ற வேடங்களுள் மூன்று எம் நாட்டோடு தொடர்புடையன. பட்டினத்தடிகள் சமாதி கொண்ட திருவொற்றியூர் பழைய செங்கற்பட்டு மாவட்டத்தின் எல்லைக்குள் இருந்த ஊர். மாணிக்கவாசகப் பெருமான் பதிகம் பாடிப் பரவிய திருக்கழுக்குன்றம், செங்கற்பட்டிலிருந்து மாமல்லை நோக்கிச் செல்லும் வழியில் உள்ளது. திருநாளைப்போவார் சரிதத்தை விரித்துரைத்த சேக்கிழார் பிறந்த குன்றத்தூரும் பழைய செங்கற்பட்டு மாவட்டத்ததே. ஆகலின் தேசிகர் நடித்துக் காட்டிய அடியார் மூவர்தம் நினைவும் எம் நாட்டு மண்ணோடு ஒட்டியே நிற்கின்றது.

பிறப்பும் பயிற்சியும்

தேசிகரவர்கள் 1908ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 27ஆம் நாள் தோன்றினார். திருச்செங்காட்டங்குடி அந்நாளில் தஞ்சை மாவட்டத்து நன்னிலத்தை அடுத்த சிற்றூர். தந்தையார் முருகையா தேசிகர். தேசிகர் என்னும் சொல் ஆசிரியரைக் குறிப்பது. திருமுறை ஓதுதலையும் ஓதுவித்தலையும் குலப்பணியாகக் கொண்ட குடும்பங்கள் பலவற்றில் அது பட்டப்பெயராய் வழங்கி வருவது. முதற்பாடம் தந்தையாரிடமே அமைந்தது. பின்னர், வயலின் இசையில் தென்னாடெங்கும் பெயர்பெற்ற கும்பகோணம் இராசமாணிக்கம் பிள்ளையவர்களிடம் இசையை முறையாகப் பயின்றார். ஒருபுறம் ஓதுவார் மரபு, ஒருபுறம் காவிரிக்கரைச் சங்கீத மரபு எனும் இரண்டு ஆறுகளும் அவரிடத்தே இளமையிலேயே கலந்தன.

இவ்விரு மரபுக்கும் உள்ள வேற்றுமையை ஈண்டுச் சிறிது விளக்குதல் வேண்டும். அஃது விளங்கினாலன்றித் தேசிகரின் தனிச்சிறப்பு விளங்காது. அரங்கிசைக்கு இராகமும் தாளமும் தலைமையானவை. பாடுவோர் தம் கற்பனையை விரித்துச் செல்லும்போது சொல் அதற்கு ஏந்தலாய் நிற்கும். சில வேளை தாளத்துக்கு ஒத்து வரும்பொருட்டுச் சொல் இடையே முறிபடுதலும் உண்டு. ஓதுவார் முறையோ அத்தகையதன்று. கோயிலிலே வழிபாடு நிறைவுறும் போது தேவாரம், திருவாசகம், திருவிசைப்பா, திருப்பல்லாண்டு, பெரியபுராணம் என்னும் பஞ்சபுராணத்தை ஓதுவார் விண்ணப்பிக்கின்றார். அவர் முன்னிலையில் இருப்பவன் இறைவன். விண்ணப்பத்திலே சொல் தெளிவாயிராவிடின் விண்ணப்பம் என்ற பெயரே பொருந்தாது. ஆகவே பண் சொல்லைத் தாங்கிச் செல்லுமேயன்றி, அதனை மூழ்கடித்தல் இல்லை. தாளமின்றி விருத்தமாகப் பாடும் இடத்தும் சீர் எங்கே முடிகின்றது, கருத்து எங்கே நிற்கின்றது என்பதை ஓதுவாரின் மூச்சே காட்டும்.

இம்மரபு மிகப் பழையது. முதலாம் இராசராச சோழன் தஞ்சைப் பெருங்கோயிலிலே திருப்பதியம் விண்ணப்பஞ் செய்ய 48 பேரை அமர்த்தி, உடுக்கை வாசிப்பார் ஒருவரையும் கொட்டிமத்தளம் முழக்குவார் ஒருவரையும் உடன் வைத்து, நாள்தோறும் நெல்லளந்த செய்தி அக்கோயிற் கல்வெட்டிற் காணப்படும். அம்மரபின் வழியிலே வந்த குரல் தேசிகருடையது. கனமும் இனிமையும் ஒருங்கே உடைய அக்குரல் மேற்சுருதியிற் சென்று நின்றபோதும் எழுத்து ஒன்றேனும் தேய்ந்ததில்லை என்பதை, இன்றும் கேட்கக் கிடைக்கும் இசைத்தட்டுக்கள் சான்று பகரும். லகரம், ளகரம், ழகரம் மூன்றும் அவர் வாயில் மூன்றாகவே ஒலிக்கும். இஃது எளிய செய்தியெனச் சிலர் எண்ணலாம். பாடிப் பார்ப்பவர்க்கே அதன் அருமை தெரியும்.

பேசும்படம்

தமிழிற் பேசும்படம் 1931ஆம் ஆண்டில் 'காளிதாஸ்' என்னும் பெயரோடு தோன்றிற்று. அடுத்து வந்த சில ஆண்டுகளிலே, நடிப்பவர் ஒருவர், அவர்க்காகப் பாடுபவர் மற்றொருவர் என்னும் முறை இல்லை. நடிப்போர் தாமே ஒலிவாங்கியின் முன் நின்று பாடியாகல் வேண்டும். ஆகவே படம் எடுப்போர் இசைவாணர்களைத் தேடிச் சென்றனர். மகாராசபுரம் விசுவநாதையர், முசிரி சுப்பிரமணிய ஐயர், ஜி. என். பாலசுப்பிரமணியம், எம். எஸ். சுப்புலட்சுமி முதலாயினோர் திரையிலே தோன்றியது இதன் காரணமாகவே. எம். கே. தியாகராச பாகவதர் பெற்ற பெரும்புகழும் இக்காலத்தது. மக்கள் அறிந்த கதையாக இருத்தல் வேண்டும், பாட்டுக்கு இடமிருத்தல் வேண்டும் என்னும் இரண்டு நோக்கமும் புராணக் கதைகளாலும் அடியார் வரலாறுகளாலும் எளிதில் நிறைவேறின.

இச்சூழலிலே தேசிகரும் அழைக்கப்பட்டார். 1930களின் இடையிலே வேல் பிக்சர்ஸார் எடுத்த 'பட்டினத்தார்' அவரை நாடறியச் செய்தது. 1938ஆம் ஆண்டில் 'தாயுமானவர்', 1939ஆம் ஆண்டில் 'மாணிக்கவாசகர்', 1942ஆம் ஆண்டில் 'நந்தனார்' எனத் தொடர்ந்து அடியார் வேடங்களையே பெரும்பாலும் ஏற்றார். காதற் கதைகளில் நாயகனாய் வலம் வருவதற்கு வேண்டிய ஒப்பனையும் ஆடலும் அவர்பால் இல்லை. அவர் நடிப்பிலே மிகையான உறுப்பசைவுகளும் காணப்படா. பாட்டே அவர்க்கு நடிப்பாக அமைந்தது.

திருமுறை ஓதும் மரபினர் அரிதாரம் பூசிக்கொண்டு கூத்தாடல் தகுமோ என்னும் ஐயம் அந்நாளிலே சைவர் நெஞ்சில் எழுந்திருத்தல் இயல்பு. இன்றும் எழுதல் கூடும். இவ்வையத்தைத் தள்ளிவிடாது ஆராய்தல் நம் கடன். கூத்து இழிந்தது எனின், கூத்தனையே முழுமுதலாகக் கொண்ட நம் சமயத்துக்கு அஃது ஒவ்வாது. ஐந்தொழிலையும் திருக்கூத்தாகக் காண்பது சித்தாந்தம். ஆயினும் இறைவன் ஆடல் உயிர்கள் பொருட்டு. மக்கள் ஆடல் பெரும்பாலும் பொருளின் பொருட்டு. இவ்விரண்டையும் ஒன்றாக வைத்து எண்ணுதலும் தவறு. எனவே கூத்தாடியது பற்றி வினவுதலினும், கூத்தாடியவர் எதனைக் கொண்டு சென்று எதனைக் கொண்டு திரும்பினார் என்று வினவுதலே முறை.

இங்கு ஒன்று நோக்கத்தக்கது. தேசிகர் நடித்த நால்வரில் பட்டினத்தடிகள் பெருவணிகர். கடல் வாணிகத்தால் வந்த செல்வத்தைத் துறந்தார். மாணிக்கவாசகர் பாண்டியன் அமைச்சர். குதிரை வாங்கக் கொண்டு சென்ற பொன்னைத் திருப்பணிக்கு ஆக்கி, அரசியற் பதவியைத் துறந்தார். தாயுமானவர் திருச்சிராப்பள்ளியில் நாயக்கர் அரசிலே கணக்கு அலுவல் பார்த்தவர், அவரும் துறந்தார். நான்காமவராகிய நந்தனார்க்கோ துறப்பதற்கு ஒன்றும் இல்லை. செல்வம் இல்லை, பதவி இல்லை, கோயிலினுள் நுழையும் உரிமையும் இல்லை. முன்னைய மூவரும் உடையதை விட்டுச் சென்றவர். நந்தனார் இல்லாததை வேண்டி நின்றவர். முன்னைய மூன்று படங்களிலும் கிட்டாத பெரும்புகழ் நான்காவதிற் கிட்டியதற்கு இவ்வேற்றுமையும் ஒரு காரணம் என்பது எம் கருத்து.

நந்தனார்

நந்தனார் வரலாற்றைச் சேக்கிழார் கூறிய முறை வேறு; பின்வந்தோர் கூறிய முறை வேறு. சேக்கிழார் கூற்றின்படி ஆதனூர்ப் புலைப்பாடியிலே பிறந்த அப்பெருமகனார், சிவாலயங்களில் முழங்கும் பேரிகை முதலிய முகக்கருவிகளுக்குப் போர்வைத் தோலும் வாரும் அளித்தார். வீணைக்கும் யாழுக்கும் நரம்பு அளித்தார். அருச்சனைக்குக் கோரோசனை அளித்தார். இதனை அன்பர்கள் ஊன்றி நோக்குதல் வேண்டும். கோயிலின் உள்ளே எழும் இசைக்கெல்லாம் வேண்டும் பொருளைத் தந்தவர், அவ்விசையைக் கோயிலின் உள்ளே நின்று கேட்கும் உரிமை இல்லாதவராய் மதிற்புறத்தே நின்றார்! சேக்கிழார் இதனை ஒரு குற்றச்சாட்டாக வாய்விட்டு உரைத்திலர். செய்தியை அவ்விடத்திலே வைத்துச் சென்றார்.

19ஆம் நூற்றாண்டிலே கோபாலகிருட்டின பாரதியார் 'நந்தனார் சரித்திரக் கீர்த்தனை' இயற்றியபோது, பெரியபுராணத்திற் காணாத வேதியர் ஒருவரைப் பண்ணையாராகப் படைத்து, அவர் விடை கொடாது தடுப்பதாகவும், இறைவன் அருளால் ஓரிரவில் வயல்வேலை முடிந்ததாகவும் கதையை விரித்தார். மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையவர்கள் அந்நூலுக்குச் சிறப்புப்பாயிரம் அளிக்க முதலில் உடன்படவில்லை. இலக்கணப் பிழையும், சேக்கிழார் வாக்கோடு மாறுபட்ட கதைப்போக்கும் அவர்க்கு உவப்பாயில்லை. பாரதியாரோ பலமுறை வந்து காத்திருந்தார். ஒருநாள் அவர் தாமே பாடக் கேட்டு உளமுருகிய பின்னரே பிள்ளையவர்கள் பாயிரம் வழங்கினார் என உ. வே. சாமிநாதையரவர்கள் எழுதி வைத்துள்ளார். ஏட்டில் நோக்கியபோது குற்றமாய்த் தோன்றியது பாடக் கேட்டபோது பத்தியாய்த் தோன்றிற்று. இசைக்கு இவ்வாற்றல் உண்டென்பதைப் புலவர் தலைவரே ஒப்புக்கொண்ட நிகழ்ச்சி இது.

இக்கதை பேசும்படத்தில் வந்ததும் ஒருமுறையன்று. 1935ஆம் ஆண்டில் கே. பி. சுந்தராம்பாள் நந்தனாராகவும், மகாராசபுரம் விசுவநாதையர் வேதியராகவும் நடித்தனர். 1942ஆம் ஆண்டில் ஜெமினி நிறுவனத்தார் மீண்டும் எடுத்தபோது முருகதாசர் நெறியாள, தேசிகர் நந்தனாராகவும் செருகளத்தூர் சாமா வேதியராகவும் தோன்றினர். பாபநாசம் சிவன், கொத்தமங்கலம் சுப்பு ஆகியோர் இயற்றிய பாட்டுக்கள் அதில் அமைந்தன. மதுரை மீனாட்சியம்மை திருக்கோயிலிலே ஒடுக்கப்பட்ட மக்கள் நுழைந்த ஆண்டு 1939. அதற்கு மூன்றாண்டுகளுக்குப் பின் வந்தது இப்படம். தில்லைக்குச் செல்லும் நாள் வாராதோ என ஏங்கும் அடியாரின் குரலைக் கேட்டவர்க்கு அது பழங்கதையாக மட்டும் தோன்றியிராது. இப்படத்துக்குப் பின் தேசிகரும் நந்தனாரும் மக்கள் மனத்தில் பிரிக்கலாகாதபடி ஒன்றாயினர்.

தமிழிசையும் திருவையாறும்

அந்நாளிலே தமிழிசைக் கிளர்ச்சி நாடெங்கும் பரவிற்று. இசையரங்குகளில் தெலுங்குக் கீர்த்தனைகளே நிரம்பி, தமிழ்ப்பாட்டு இறுதியிற் பாடப்படும் துக்கடா என்னும் நிலைக்குத் தாழ்ந்திருந்தது. சிதம்பரத்திலே கல்விச்சாலைகளும் பல்கலைக்கழகமும் நிறுவிய அண்ணாமலைச் செட்டியாரவர்கள் 1941ஆம் ஆண்டில் அண்ணாமலைநகரில் தமிழிசை மாநாடு கூட்டினார். 1943ஆம் ஆண்டில் சென்னையிலே தமிழ் இசைச் சங்கம் தோன்றிற்று. இசைக்கு மொழி வேண்டுவதில்லை என்பார் ஒருபுறமும், கேட்பவர்க்கு விளங்கும் மொழியிலே பாடுதல் வேண்டும் என்பார் மறுபுறமுமாக வழக்கு நடந்தது. தேசிகர் எப்புறம் நிற்பார் என்பதற்கு ஆராய்ச்சி வேண்டியதில்லை. பிறர்க்குத் தமிழிசை ஒரு கொள்கை. அவர்க்கோ அது தாய்ப்பால்.

1946ஆம் ஆண்டில் திருவையாற்றிலே தியாகராச சுவாமிகள் ஆராதனை நடந்தபோது தேசிகர் பாடினார். தமிழ்ப்பாட்டு ஒன்றைப் பாடினார். அதனால் அவ்விடம் தூய்மை கெட்டது என்று கருதப்பட்டது என்னும் செய்தி வெளிவந்து பெருங்கிளர்ச்சியை விளைத்தது. 'குடி அரசு' முதலிய ஏடுகள் கடுமையாகக் கண்டித்து எழுதின. அச்செய்தியைப் பற்றிய பூசல்களை ஈண்டு மீண்டும் எழுப்புதல் எம் கருத்தன்று. தியாகராசர் திருவாரூரிற் பிறந்த பெருந்தவத்தார். இராமபத்தியிலே கரைந்து தம் தாய்மொழியிற் பாடினார். தாய்மொழியிற் பாடிய ஒருவரைப் போற்றும் இடத்தில், மற்றொருவர் தம் தாய்மொழியிற் பாடுதல் குற்றமாதல் எங்ஙனம்? அன்றியும் அத்திருவையாறு எத்தகைய தலம்? கயிலைக் காட்சியை விழைந்து உடல் தேயச் சென்ற அப்பரடிகளுக்கு இறைவன் அக்காட்சியைத் தந்தருளிய இடம் அது. அடிகள் அக்காட்சியைக் கண்டு பாடியது தமிழில். அந்த மண்ணிலே தமிழ் தீட்டாயிற்று எனின், அதனைத் தமிழர் நெஞ்சம் ஏற்குமோ?

நந்தனாராய் நடித்து நான்கு ஆண்டுகளே ஆன ஒருவர்க்கு இந்நிலை நேர்ந்தமை எம் சிந்தையை விட்டு அகலாதது. நந்தனார்க்குப் பிறப்பினாற் சொல்லப்பட்ட தடை மிகக் கொடியது. அதனையும் பாட்டுக்குச் சொல்லப்பட்ட தடையையும் ஒரே நிறையில் வைத்து எண்ணுதல் தகாது. ஆயினும் வாயிலில் நிறுத்தப்படுதலின் சுவையைத் தேசிகர் சிறிதேனும் தம் வாழ்விலேயே அறிய நேர்ந்தது. அவர் அதற்காகத் தமிழை விட்டாரில்லை, இசையையும் வெறுத்தாரில்லை.

அண்ணாமலைநகர்ப் பணி

படங்களினால் வந்த புகழைப் பற்றிக்கொண்டு தொங்காது, தேசிகர் ஆசிரியப் பணியை ஏற்றார். அண்ணாமலைப் பல்கலைக்கழகத்து இசைத்துறைக்கு ஏறத்தாழப் பதினைந்து ஆண்டுகள் அவர் தலைமை தாங்கினார். தந்தையிடம் குலமுறையாகக் கற்றதைப் பாடத்திட்டமாக்கி, எக்குலத்து மாணவர்க்கும் கற்பித்தல் எளிய மாற்றமன்று. அதுகாறும் மடங்களின் தேவார பாடசாலைகளிலும் ஓதுவார் இல்லங்களிலும் மட்டும் நிலவிய பண்முறை, பட்டம் வழங்கும் கல்விக்கூடத்திலே இடம் பெறுவதற்கு அவரைப் போன்றாரே பாலமாய் அமைந்தனர்.

தமிழ் இசைச் சங்கத்தார் 1949ஆம் ஆண்டு தொடங்கிப் பண் ஆராய்ச்சிக் கூட்டங்களை நடத்தி, ஓதுவார்களையும் இசைப்புலவர்களையும் ஒருங்கிருத்தித் தேவாரப் பண்களை ஆராயச் செய்தனர். அம்முயற்சியில் தேசிகருக்கும் பங்குண்டு. பழம்பஞ்சுரம் இன்று சங்கராபரணமாகவும், மேகராகக்குறிஞ்சி நீலாம்பரியாகவும், செவ்வழி எதுகுலகாம்போதியாகவும், புறநீர்மை பூபாளமாகவும் பாடப்படுகின்றன. இவ்வொப்புமை பழைய பண்ணின் உருவை முற்றும் காட்டுமோ என்பதில் அறிஞர்க்குள் வேறுபாடு உண்டு. எனினும் ஓதுவார் வாய்வழி வந்ததே நமக்கு எஞ்சிய முதற்சான்று ஆகலின், அதனைக் கேட்டுப் பதிவு செய்தல் முதற்கடமை என்பதில் வேறுபாடு இல்லை. எம் நாட்டுத் தலங்களையே எடுத்துக் கொள்ளுவோம். திருஞானசம்பந்தர் திருக்கழுக்குன்றம், திருவிடைச்சுரம், அச்சிறுபாக்கம் ஆகிய மூன்றிலும் பாடிய பதிகங்கள் குறிஞ்சிப் பண்ணில் அமைந்தவை. ஓதுவார் அதனை அரிகாம்போதியிற் பாடுவர். பண் அறிந்தார் ஒருவர் பாடக் கேட்டாலன்றி, இம்மூன்றும் ஒரே இசையுறவினால் பிணைந்தவை என்னும் உண்மை ஏட்டைப் படிப்பார்க்கு உணர்வாகாது.

தேசிகர் தாமே பாட்டியற்றும் வன்மையும் உடையவர். தம்மை மறவாதிருக்குமாறு தெய்வத்தை வேண்டி அமிர்தவர்சினி இராகத்தில் அவர் செய்த பாட்டு இன்றும் அரங்குகளிற் பாடப்படுகின்றது. பாவேந்தர் பாரதிதாசனார் இயற்றிய, துயருற்ற வேளையில் யாழெடுத்து ஆற்றுவிக்குமாறு காதலியை வேண்டும் பாட்டுக்குத் தேசு இராகத்தைப் பொருத்தி மெட்டமைத்தவரும் அவரே. அம்மெட்டு 1951ஆம் ஆண்டில் 'ஓர் இரவு' என்னும் படத்தின் வழியாக வீடுதோறும் புகுந்தது. பாரதிதாசனார் கடவுட்கொள்கையை மறுத்தவர். தேசிகரோ நெற்றி நிறைய நீறணிந்த சைவர். அவ்விருவரையும் தமிழிசை ஒரு பாட்டிலே கூட்டி வைத்தது. சொல் நன்றாயின் அதனை எவர் சொல்லினும் ஏற்றுக் குரல் தருதல் ஓதுவார் நெஞ்சின் அகலத்தைக் காட்டுவதாம்.

தமிழ் இசைச் சங்கத்தார் 1957ஆம் ஆண்டில் அவர்க்கு இசைப்பேரறிஞர் என்னும் விருது வழங்கினர். மக்கள் வழங்கிய இசையரசு என்னும் பெயரோ அவர் பெயரோடு ஒட்டியே நின்றது. 1972ஆம் ஆண்டு சூன் திங்கள் 26ஆம் நாள், அறுபத்துமூன்றாம் வயதில், தேசிகரவர்கள் சிவப்பேறு எய்தினார்.

படிகமும் வண்ணமும்

உயிரானது தான் சார்ந்த பொருளின் வண்ணமாய் நிற்கும் இயல்பினது என்பது சித்தாந்த நூல்களின் துணிபு. அதற்குப் படிகத்தை உவமை கூறுவர். செம்மலர் அடுத்தாற் செம்மையும், நீலமலர் அடுத்தால் நீலமும் படிகத்திற் தோன்றும். நடிகர் வாழ்வுக்கு இதனினும் பொருந்திய உவமை காண்டல் அரிது. நாளொரு வேடம் பூணுவார் அவ்வேடத்தின் வண்ணமாய் நிற்றல் வேண்டும். நில்லாவிடின் நடிப்பு இல்லை. ஆனால் பல வண்ணங்களைச் சார்ந்து சார்ந்து, தனக்கென ஒன்றும் இன்றிப் போதலும் அத்தொழிலுக்கு உள்ள இடர். பொருளைச் சார்ந்து பொருளின் வண்ணமும், புகழைச் சார்ந்து புகழின் வண்ணமும் ஏறினாரை உலகம் பலகாற் கண்டிருக்கின்றது.

தேசிகர் சார்ந்தவை யாவை? திரையிலே அடியார் வேடங்களைச் சார்ந்தார். அரங்கிலே தமிழ்ச் சொல்லைச் சார்ந்தார். கல்விக்கூடத்திலே பண்ணைச் சார்ந்தார். இம்மூன்றும் வேறு வேறு இடங்களாயினும், மூன்றிலும் அவர் சார்ந்த பொருள் ஒன்றே. அதுவே இளமையில் திருச்செங்காட்டங்குடியிலே தந்தையார் ஓதக் கேட்டது. எனவே மேலே எழுப்பிய வினாவுக்கு விடை கிடைத்தது. அவர் திருமுறை நெறியைக் கொண்டு திரைக்குச் சென்றார், அந்நெறியோடே திரும்பினார்.

இதனால் இழப்பே இல்லை என்று கூறுதல் நேர்மையாகாது. இத்தகைய குரல் ஒரு திருக்கோயிலின் அருத்தமண்டபத்திலே நாள்தோறும் ஒலித்திருப்பின் அக்கோயிலின் வழிபாடு எத்துணை நிறைவெய்தியிருக்கும்! படமும் அரங்கும் தந்த வருவாயைக் கோயில் தந்திருத்தல் இயலாது. ஓதுவார்க்கு வயிறார உணவளியாத ஒரு நாடு, அவர் பிறதொழிலுக்குச் சென்றார் என்று குறை கூறும் உரிமையை இழந்துவிடுகின்றது. 48 பேர்க்கு நெல்லளந்த அரசன் பாட்டின் விலையை அறிந்திருந்தான். பின்வந்த நாமோ பாட்டைப் புகழ்ந்தோம்; பாடுவாரை மறந்தோம். எம் வட்டாரத்தே ஓதுவார் இல்லாத பழங்கோயில்கள் சிலவற்றில், ஒலிபெருக்கியிற் சுழலும் பதிவே அவரிடத்தை நிரப்புவதைக் காண்கின்றோம். பதிவு இனியதே, ஆனால் அது பூசையின் நேரம் அறியாது, எதிரில் நிற்கும் அடியார் முகமும் அறியாது.

ஆறுதல் தரும் அறிகுறிகளும் இல்லாமலில்லை. ஓதுவார் பயிற்சிப் பள்ளிகள் நடைபெறுகின்றன. ஆடவரோடு மகளிரும் ஓதுவாராய் அமர்த்தப்படுகின்றனர். செங்கற்பட்டு மாவட்டத்து மாடம்பாக்கம் தேனுபுரீசுவரர் திருக்கோயிலிலே 2021ஆம் ஆண்டில் பெண் ஓதுவார் ஒருவர் பணியேற்றார். மதிற்புறத்தே நின்ற நந்தனாரைப் பாடிய குரல் மறைந்த பின்னர், முன்பு வாயில் அடைபட்டிருந்தார் உள்ளே நின்று பாடும் காலம் சிறிது சிறிதாக வருகின்றது. இத்தகையார்க்கு வாழ்வளித்தலும், அவர் பாடும்போது எழுந்து செல்லாது நின்று கேட்டலும், வீட்டுப் பிள்ளைகள் ஒருவர்க்கேனும் ஒரு பதிகத்தைப் பண்ணோடு கற்பித்தலும் சைவ நன்மக்கள் செயற்பாலன. தேசிகர்க்கு நாம் எடுக்கத்தக்க விழாவும் அதுவேயாம்.

திருமுறை ஓதும் குரல் தமிழகத்துக் கோயில்தோறும் ஓங்குக. அதற்குத் தில்லைக் கூத்தன் திருவருள் துணைநிற்க.